மேய்ச்சல் நிலத்துக்கு நடுவே பதினோரு சதுரங்கள்

சூழலியல் புத்தகங்களில் ஒரு புகைப்படம் அடிக்கடி கண்ணில் படும். 1980-களில் விமானத்திலிருந்து எடுத்தது. சுற்றிலும் மொட்டையடித்த நிலம். நடுவில் ஸ்கேல் வைத்துக் கோடு போட்ட மாதிரி, கச்சிதமான சதுரமாக ஒரு துண்டுக் காடு. முதல்தடவை பார்த்தபோது யாரோ கம்ப்யூட்டரில் ஒட்டுவேலை செய்திருக்கிறார்கள் என்றுதான் நினைத்தேன்.

இல்லையாம். நிஜப்படம். பிரேசிலில் மனாவுஸ் என்கிற நகரத்துக்கு வடக்கே சுமார் 80 கிலோமீட்டர் தள்ளி, அமேசான் காட்டுக்குள் இருக்கிறது அந்தச் சதுரம். அது மாதிரி மொத்தம் பதினொன்று. அவற்றை அப்படி விட்டுவிட்டு மிச்சத்தை வெட்டிக்கொள்ளச் சொன்னவர் மரவியாபாரி இல்லை, வாழ்நாள் முழுக்க அமேசானைக் காப்பாற்றுங்கள் என்று தொண்டை கிழியக் கத்திய ஒரு சூழலியல் விஞ்ஞானி. பெயர் தாமஸ் லவ்ஜாய்.

2021 கிறிஸ்துமஸ் அன்று லவ்ஜாய் காலமானார். வயது 80. அதற்கு மறுநாள் எட்வர்ட் வில்சன் போய்ச் சேர்ந்தார். எறும்பு ஆராய்ச்சிக்குப் பேர்போன ஹார்வர்டு பெரியவர். வில்சன் செய்தியில் லவ்ஜாய் செய்தி கொஞ்சம் அமுங்கித்தான் போனது. ஆனால் பாருங்கள், லவ்ஜாயின் சதுரங்களுக்கு விதை போட்டதே வில்சன் எழுதிய ஒரு புத்தகம்தான். அதனால் கதையை அங்கிருந்தே ஆரம்பிக்கிறேன்.

1967-ல் ராபர்ட் மக்ஆர்தரும் வில்சனும் சேர்ந்து தீவுகளில் உயிரினங்கள் எப்படிப் பரவுகின்றன என்று ஒரு கோட்பாட்டைப் புத்தகமாகப் போட்டார்கள். சாரம் ரொம்ப எளிது. பெரிய தீவில் நிறைய வகை உயிரினங்கள் இருக்கும், சின்னத் தீவில் கொஞ்சம்தான். கரையிலிருந்து தள்ளிப் போகப் போக இன்னும் குறையும். புதிதாக வந்து சேருவதும், இருப்பது அழிவதும் ஒன்றையொன்று சமன்செய்யும் இடத்தில் எண்ணிக்கை நிற்கும். இதைப் படித்தவர்களுக்கு அடுத்து என்ன தோன்றும்? கடலுக்கு நடுவில் தீவு மாதிரி, வயலுக்கு நடுவில் காடும் ஒரு தீவுதானே? அப்படியென்றால் சரணாலயம் என்று நாம் வேலி போட்டு வைக்கிற துண்டுகளுக்கும் இதே கணக்குதானா?

1975-ல் ஜாரெட் டயமண்ட் (ஆமாம், பின்னால் 'துப்பாக்கிகள், கிருமிகள், எஃகு' எழுதினாரே, அவரேதான். அப்போது அவர் பறவை ஆராய்ச்சியாளர்) சரணாலயம் என்றால் ஒரே பெரிய துண்டாக இருப்பதுதான் நல்லது என்று படம் போட்டு விளக்கினார். அடுத்த வருஷமே டேனியல் சிம்பர்லாஃபும் லாரன்ஸ் ஏபிலும், அதெல்லாம் கோட்பாட்டிலிருந்து அப்படிக் கிளம்பாது, பல சின்னத் துண்டுகளில் மொத்தமாக இன்னும் அதிக வகைகள் இருக்கக்கூடும் என்று எதிர்த்தார்கள். ஒரு பெரிசா, பல சின்னதா? பத்து வருஷத்துக்கு மேல் இந்தச் சண்டை ஓடியது. படிக்கப் படிக்கக் குழாயடிச் சண்டை மாதிரியே இருக்கும். பெரிய படிப்பு படித்தவர்கள் என்பதுதான் வித்தியாசம்.

இந்தச் சண்டையில் ஒரு சிக்கல். யாரிடமும் 'முன்பு' என்பதற்கான கணக்கு கிடையாது. துண்டாகிப்போன காட்டுக்குள் போய் இன்று என்ன இருக்கிறது என்று எண்ணலாம். அது துண்டாவதற்கு முன்னால் என்ன இருந்தது? யாருக்குத் தெரியும்? பனாமா கால்வாய்க்காக ஆற்றை மறித்தபோது ஒரு குன்று தீவாகி நின்றது, பேரோ கொலராடோ என்று பெயர். அங்கே பறவைகள் ஒவ்வொன்றாகக் காணாமல் போனது உண்மை. ஆனால் தண்ணீர் ஏறுவதற்கு முன்னால் யாரும் உட்கார்ந்து எண்ணி வைக்கவில்லையே.

லவ்ஜாய் அப்போது உலக வனவிலங்கு நிதியத்தின் அமெரிக்கக் கிளையில் வேலையில் இருந்தார். நியூயார்க்கில் வசதியான குடும்பத்தில் 1941-ல் பிறந்தவர். படித்த உறைவிடப் பள்ளியில் ஒரு மிருகக்காட்சிசாலையே இருந்தது, அங்கேதான் பைத்தியம் பிடித்திருக்கிறது. 1965-ல் முதன்முறையாக அமேசானுக்குப் போய், பெலெம் நகரத்தை ஒட்டிய காட்டில் பறவைகளுக்கு வளையம் மாட்டி ஆராய்ச்சி செய்து, 1971-ல் யேலில் டாக்டர் பட்டம் வாங்கினார். எப்போதும் கழுத்தில் பட்டாம்பூச்சி மாதிரி போ டை. பார்த்தால் வங்கி அதிகாரி என்றுதான் சொல்வீர்கள். அது அவருக்குப் பின்னால் ரொம்ப உதவியது என்பது என் எண்ணம். காசும் அதிகாரமும் வைத்திருந்தவர்கள் அவரைத் தங்களில் ஒருவராகவே பார்த்திருப்பார்கள்.

1976 கடைசியில் அவருக்கு ஒரு யோசனை வந்தது. யோசனை என்ன, பிரேசில் சட்டத்தில் ஏற்கெனவே இருந்த ஒரு வரிதான். 1965 வனச்சட்டப்படி அமேசானில் நிலம் வாங்குகிறவர் அதில் பாதியைக் காடாகவே விட்டுவைக்க வேண்டும். மனாவுஸுக்கு வடக்கே அரசாங்கம் வரிச்சலுகை, மானியம் எல்லாம் கொடுத்து மாட்டுப்பண்ணைகள் போடச் சொல்லிக்கொண்டிருந்த நேரம் அது. எப்படியும் வெட்டத்தான் போகிறார்கள். எப்படியும் பாதியை விடத்தான் வேண்டும். அப்படி விடுவதை எங்களுக்கு வேண்டிய அளவில் சதுரமாக விடுங்களேன்? வெட்டுவதற்கு முன்னால் நாங்கள் உள்ளே போய் எண்ணிவிட்டு வருகிறோம்!

இவ்வளவுதான் திட்டம். மனாவுஸில் இருக்கும் இன்பா என்கிற அமேசான் ஆராய்ச்சி நிறுவனத்தோடு கூட்டுச் சேர்ந்து, 1979-ல் வேலை தொடங்கியது. களத்தில் இருந்து நடத்தியவர் ராப் பியரிகார்ட் என்கிற பறவையாளர். ஒரு ஹெக்டேரில் ஐந்து துண்டு, பத்து ஹெக்டேரில் நான்கு, நூறு ஹெக்டேரில் இரண்டு. 1980-லிருந்து 1990 வரை ஒவ்வொன்றாகச் சுற்றியுள்ள காட்டிலிருந்து பிரிக்கப்பட்டன. இதைவிடப் பெரிய துண்டுகளும் திட்டத்தில் இருந்தன. மானியம் வற்றியதும் பண்ணைக்காரர்களுக்கு வெட்டுகிற வேகமும் வற்றிவிட்டது, அதனால் அவை பிரிக்கப்படவே இல்லை. ஆராய்ச்சிக்கு நஷ்டம், காட்டுக்கு லாபம்.

இந்த இடத்தில் எனக்குள் ஒரு உறுத்தல், சொல்லிவிடுகிறேன். காட்டை வெட்டுவதைத் தடுக்காமல், வெட்டும்போது பக்கத்தில் நோட்டுப் புத்தகத்தோடு நிற்பது சரியா? கசாப்புக்கடையில் போய் உடற்கூறு படிக்கிற மாதிரி இல்லையா இது? ரொம்ப யோசித்துப் பார்த்தேன். அவர் சொல்லாவிட்டாலும் அந்தக் காடு வெட்டப்பட்டிருக்கும், ஒரு மரம்கூட அவரால் கூடுதலாக விழவில்லை. தடுக்கும் அதிகாரம் அவரிடம் இல்லை. விழுவது வீணாகாமல் ஏதாவது தெரிந்துகொள்ளலாம் என்பதுதான் அவரால் முடிந்தது. தலை ஒத்துக்கொள்கிறது. ஆனால் அந்தச் சதுரத்துக்குள் மாட்டிக்கொண்டவற்றின் கதையைப் படிக்கும்போது மனசு அவ்வளவு சுலபமாக ஒத்துக்கொள்வதில்லை.

என்னதான் நடந்தது?

வெட்டியவுடன் முதலில் நடந்தது எல்லாரையும் குழப்பியிருக்கும். மெல்லிய நூல்வலை கட்டிப் பறவை பிடித்து, வளையம் மாட்டிவிடுவது அவர்கள் வேலை. துண்டு தனியானதும் வலையில் விழும் பறவைகள் குறைய வேண்டும் இல்லையா? கூடின! சுற்றியிருந்த காடு விழுந்ததும் அகதிகளாக எல்லாம் இந்தச் சதுரத்துக்குள் ஓடிவந்து நெருக்கியடித்திருந்தன. அந்த நேரத்தில் மட்டும் யாராவது வந்து எண்ணியிருந்தால், 'ஆகா, சின்னக் காடு எவ்வளவு செழிப்பு' என்று அறிக்கை எழுதிவிட்டுப் போயிருப்பார்கள். கொஞ்ச காலம்தான். அப்புறம் எண்ணிக்கை சரசரவென்று இறங்கி, பழைய அளவுக்கும் கீழே போய்விட்டது.

முதலில் போனவற்றில் ஒரு கூட்டம் எறும்புப் பின்தொடரிகள். இது எனக்கு ரொம்பப் பிடித்த பகுதி, கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். அமேசானில் படையெறும்புகள் லட்சக்கணக்கில் தரையில் ஊர்வலம் போகும். அது வருவது தெரிந்து வெட்டுக்கிளி, சிலந்தி, கரப்பான் எல்லாம் தெறித்து ஓடும். ஓடுவதைப் பிடித்துத் தின்பதற்கென்றே சில பறவைகள் எறும்புக்கு மேலேயே தாழப் பறந்து கூடவே போகும். எறும்பை அவை தின்பதில்லை, எறும்பு வேட்டைநாய் மாதிரி. இப்போது கணக்குப் போடுங்கள். ஒரு எறும்புக் கூட்டத்துக்குச் சுமார் 30 ஹெக்டேர் காடு வேண்டும். அதுவும் இந்த எறும்புகள் தினமும் ஊர்வலம் போவதில்லை, சில வாரங்கள் சுற்றும், சில வாரங்கள் ஒரே இடத்தில் அடங்கி முட்டை வைத்துக் கிடக்கும். ஒரு கூட்டம் அடங்கியிருக்கும்போது பறவை பட்டினி கிடக்க முடியுமா? இன்னொரு கூட்டத்தைத் தேடிப் போக வேண்டும். ஆக, பறவைக்குப் பல கூட்டங்கள் தேவை. பல கூட்டம் என்றால் பல முப்பது ஹெக்டேர். உள்ளங்கையில் அடங்கும் பறவை அது! பத்து ஹெக்டேர் தாராளம் என்றுதானே நாம் நினைப்போம்.

அடுத்தது தவளை. பெக்கரி என்று காட்டுப்பன்றி மாதிரி ஒன்று, கூட்டமாக அலைவது. சின்னத் துண்டில் அதற்குக் கட்டுப்படியாகாது, கிளம்பிப் போய்விட்டது. பெக்கரி போனதும் அது புரண்டு புரண்டு உண்டாக்கிய சேற்றுக்குட்டைகள் வறண்டன. குட்டை வறண்டதும் அதில் மட்டுமே முட்டையிட்டுவந்த சில தவளைகள் காணாமல் போயின. தவளைக்கு இடம் பத்தாமல் போகவில்லை, பன்றி புரள ஆளில்லாமல் போனதுதான் காரணம். தீவுக் கோட்பாட்டில் பரப்பளவுக்கு ஒரு கட்டம் இருக்கிறது, தூரத்துக்கு ஒரு கட்டம் இருக்கிறது. பன்றிக்குட்டைக்கு எந்தக் கட்டம்?

எல்லாமே போய்விடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். இலை தின்று காலம் தள்ளும் ஹௌலர் குரங்குகள் பத்து ஹெக்டேரிலும் சமாளித்தன. பழம் தேடி மைல்கணக்கில் அலைகிற சிலந்திக் குரங்குகளால் முடியவில்லை. வெளியிலிருந்து சில புதுத் தவளைகள், வெயில் பிடித்த பட்டாம்பூச்சிகள் உள்ளே வந்தன. வெறும் தலை எண்ணிக்கை பார்த்தால் சில சமயம் நஷ்டமே தெரியாது. வந்தது யார், போனது யார் என்று பார்த்தால்தான் தெரியும்.

இவ்வளவும் விலங்குகள். யாருமே அவ்வளவாக எதிர்பார்க்காத அடி மரங்களுக்கு விழுந்தது.

அடர்ந்த காட்டின் உள்ளே இருட்டாக, ஈரமாக, காற்றே இல்லாமல் இருக்கும். பக்கத்துக் காட்டை வெட்டிவிட்டால் அந்த ஓரத்தில் வெயில் பக்கவாட்டில் உள்ளே நுழைகிறது, சூடான வறண்ட காற்று வீசுகிறது. பெரிய மரங்கள் நின்றபடியே காய்கின்றன, அல்லது முறிந்து விழுகின்றன. சில பாதிப்புகள் ஓரத்திலிருந்து 300 மீட்டர் உள்ளே வரைக்கும் போவதாக அளந்தார்கள். பள்ளிக்கூடக் கணக்காகப் பாருங்கள். நூறு ஹெக்டேர் என்பது ஒரு கிலோமீட்டருக்கு ஒரு கிலோமீட்டர். நாலு பக்கமும் 300 மீட்டர் கழித்தால் நடுவில் மிஞ்சுவது 400 மீட்டர் சதுரம், அதாவது 16 ஹெக்டேர். பத்து ஹெக்டேர் துண்டில் நூறு மீட்டர் மட்டும் கழித்தாலே மிஞ்சுவது ஒன்றேகால் ஹெக்டேர் சொச்சம்தான். ஒரு ஹெக்டேர் துண்டில் உள்பக்கம் என்று ஒன்றே இல்லை. முழுக்க ஓரம்தான்.

வில்லியம் லாரன்ஸும் கூட்டாளிகளும் 1997-ல் 'சயன்ஸ்' இதழில் எழுதினார்கள்: ஓரத்திலிருந்து நூறு மீட்டருக்குள் இருந்த சில பகுதிகள், தனியான 10 முதல் 17 வருஷத்துக்குள் மரங்களின் மொத்த எடையில் 36 சதவீதம் வரை இழந்துவிட்டன. அந்த எடை எங்கே போனது? மக்கிக் கார்பன் டை ஆக்சைடாகக் காற்றில் கலந்தது. யாரும் கோடரி வைக்காத காடு அது. மேலிருந்து பார்த்தால் இன்னும் பச்சை. அரசாங்கக் கணக்கில் அது 'காடு'.

2003-ல் இன்னொரு கட்டுரை. கோன்சாலோ ஃபெர்ராஸ் முதலானோர் பறவைக் கணக்கு அத்தனையையும் அலசினார்கள். நூறு ஹெக்டேர் துண்டு, தன் கீழ்மட்டப் பறவையினங்களில் பாதியை 15 வருஷத்துக்குள் இழக்கிறது. இந்த இழப்பின் வேகத்தைப் பத்தில் ஒன்றாகக் குறைக்க வேண்டுமானால் பரப்பை எத்தனை மடங்கு கூட்ட வேண்டும் தெரியுமா? ஆயிரம் மடங்கு. ஒரு பெரிசா பல சின்னதா என்ற சண்டைக்கு, குறைந்தபட்சம் அமேசானில், இதைவிடத் தெளிவான பதில் வேண்டுமா என்ன.

நமக்கு இதைப் படித்தால் வால்பாறை ஞாபகம் வராமல் இருக்குமா? ஆனைமலை மேட்டில் தேயிலைக்கு நடுவே திட்டுத்திட்டாக நிற்கும் மழைக்காடுகள். வெள்ளைக்காரன் காலத்தில் தோட்டம் போட்டபோது தப்பியவை. புதுத்தோட்டம் துண்டில் சிங்கவால் குரங்குகள் தேயிலைக்கும் தார்ரோட்டுக்கும் நடுவே குடும்பம் நடத்துவதைப் பஸ்ஸில் போகும்போதே பார்க்கலாம். அங்கே யாரும் சோதனைக்காகச் சதுரம் போடவில்லை. ஆனால் லவ்ஜாயின் சோதனையில் கிடைத்த நல்ல சேதி ஒன்று அங்கேதான் நமக்கு உபயோகப்படுகிறது.

அது என்னவென்றால், சுற்றியிருக்கும் நிலம் கடல் கிடையாது. கடலில் மரம் முளைக்காது, பண்ணையில் முளைக்கும். அமேசான் மண் பார்க்கத்தான் வளம். சத்தெல்லாம் மரத்தில் இருக்கிறது, மண்ணில் இல்லை. மரம் போனதும் புல்லும் சில வருஷத்தில் சோகையாகிவிட, மானியமும் நின்றுபோக, பண்ணைக்காரர்கள் பலர் விட்டுவிட்டுப் போனார்கள். (பிரேசிலில் மேயும் மாடுகளில் பெரும்பகுதி 'நெலோரே' இனம். நெல்லூரிலிருந்து போன பெயர், நம்ம ஓங்கோல் மாட்டு வம்சம். அமேசானைத் தின்றதில் நம் பக்கத்து ஊர்க்காரனுக்கும் பங்கு இருக்கிறது!) விட்டுப்போன நிலத்தில், வெட்டிய பிறகு தீ வைக்காமல் விட்ட இடங்களில் செக்ரோப்பியா என்கிற, ஆமணக்கு மாதிரி விரிந்த இலை உள்ள மரம் மளமளவென்று வளர்ந்து நிழல் கட்டியது. சில வருஷங்களில் அந்த எறும்புப் பின்தொடரிகள் அதற்குள் புகுந்து துண்டுகளுக்குத் திரும்ப வந்துவிட்டன. பலமுறை எரித்து மாடு மேய்த்த இடத்தில் விஸ்மியா என்று வேறொரு மரம் மட்டுமே மண்டியது, காடு திரும்புவதும் இழுத்துக்கொண்டே போனது. எண்பது மீட்டர் வெட்டவெளியையே தாண்டத் தயங்கிய பறவைகள், நடுவில் ஒரு புதர்க்காடு இருந்தால் தாண்டுகின்றன. வால்பாறையில் நேச்சர் கன்சர்வேஷன் ஃபவுண்டேஷன் ஆட்கள் இருபது வருஷத்துக்கு மேலாகச் செய்துவந்ததும் இந்த வகை வேலைதான்: சீரழிந்த துண்டுகளில் உள்ளூர் மழைக்காட்டு மரங்களை நடுவது, குரங்கு ரோட்டைத் தாண்ட மேலே கட்டுப்பாலம் போடுவது, தோட்டத்தில் நாட்டுமர நிழல் வைக்கச் சொல்வது.

ஆனால் மனாவுஸில் ஒரு வினோதம். காடு திரும்பி வளர்ந்தால் சோதனை கெட்டுவிடும் அல்லவா? அதனால் ஆராய்ச்சிக்காரர்களே சில வருஷத்துக்கு ஒருமுறை சதுரங்களைச் சுற்றி முளைத்ததை வெட்டி, துண்டைத் துண்டாகவே வைத்திருக்க வேண்டியிருந்தது. லவ்ஜாய் இதற்கு எப்படி மனசை ஆற்றிக்கொண்டாரோ!

அவர் வெறும் ஆராய்ச்சியோடு நிற்கிற ஆள் இல்லை என்பதால் ஊர்க்கதையும் கொஞ்சம். 'உயிரியல் பன்மை' என்கிற சொல்லை 1980-ல் புழக்கத்துக்குக் கொண்டுவந்தவர்களில் ஒருவர். 1984-ல், ஏழை நாடுகளின் வெளிநாட்டுக் கடனில் கொஞ்சத்தைத் தள்ளுபடி செய்து, பதிலுக்கு அந்த நாடு காட்டைப் பாதுகாக்கட்டும் என்று நியூயார்க் டைம்ஸில் எழுதினார். 1987-ல் பொலிவியாவில் முதன்முதலாக நடந்தே விட்டது. ஆறரை லட்சம் டாலர் கடன் பத்திரத்தை வெறும் ஒரு லட்சத்துக்கு வாங்கி ரத்து செய்தார்கள். கந்துவட்டிக்காரனிடம் பேரம் பேசத் தெரிந்த சூழலியலாளரை வேறெங்கே பார்க்க முடியும்? சதுரங்களுக்கு அருகில் 'கேம்ப் 41' என்று ஒரு கூடாரம், ரோட்டின் 41-வது கிலோமீட்டரில். சுவர் கிடையாது, கட்டில் கிடையாது, தூளிதான். அங்கே அல் கோரையும் டாம் குரூஸையும் கூட்டிக்கொண்டு போய்ப் படுக்க வைத்தார். ராத்திரி முழுக்கக் காடு கத்துவதைக் கேட்டுவிட்டு வந்தவன் காலையில் வேறு ஆளாகத்தான் எழுந்திருப்பான் என்று நம்பியிருக்கிறார். எனக்கு இதில் பாதி நம்பிக்கைதான். சந்தித்தவர்களை எல்லாம் மாற்ற முடிந்திருந்தால் காடு இவ்வளவு போயிருக்காதே.

கடைசிப் பத்து வருஷங்களில் அவர் பேசியது பெரும்பாலும் மழையைப் பற்றி. அதற்கும் ஒரு பழைய கதை இருக்கிறது. எனியாஸ் சலாட்டி என்கிற பிரேசில் விஞ்ஞானி 1970-களில் அட்லாண்டிக் கரையிலிருந்து மேற்கே போகப் போக மழைத்தண்ணீரைப் பிடித்துச் சோதித்தார். தண்ணீரில் கனமான ஆக்சிஜன் கொஞ்சம் இருக்கும், மழை பெய்யும்போது கனமானதுதான் முதலில் விழும். ஆகவே உள்ளே போகப் போக மேகத்தில் லேசானது மட்டுமே மிஞ்ச வேண்டும். அவர் பார்த்தால், எதிர்பார்த்த அளவு குறையவில்லை. ஏன்? விழுந்ததை மரங்கள் உறிஞ்சி, கனம் லேசு பார்க்காமல் அப்படியே மேலே அனுப்பிக்கொண்டிருந்தன. அமேசான் தன் மழையில் ஏறக்குறைய பாதியைத் தானே தயாரிக்கிறது என்று தெரிந்தது. மழை பெய்தால் காடு வளரும் என்றுதான் அதுவரை படித்தார்கள். காடு இருப்பதால் மழை பெய்கிறது என்று தண்ணீரே சாட்சி சொன்னது. அந்த ஈரம் ஆண்டீஸ் மலையில் மோதித் தெற்கே திரும்பி, பல ஆயிரம் கிலோமீட்டர் தள்ளியுள்ள வயல்களுக்கும் மழையாகிறது. 'பறக்கும் ஆறுகள்' என்று அங்கே பெயர்.

அப்படியானால் எவ்வளவு வெட்டினால் இந்தச் சுற்று அறுந்துபோகும்? காடழிப்பை மட்டும் வைத்து முன்பு செய்த கணக்குகள் 40 சதவீதம் என்றன. 2018-ல் லவ்ஜாயும் கார்லோஸ் நோப்ரேயும், தீயும் பூமி சூடாவதும் சேர்ந்தால் 20-லிருந்து 25 சதவீதத்திலேயே காட்டின் பெரும்பகுதி சவன்னா மாதிரி ஆகத் தொடங்கிவிடும் என்று எழுதினார்கள். அப்போது மொத்த அமேசானில் சுமார் 17 சதவீதம் போயிருந்தது. இந்த எண்ணை எல்லா விஞ்ஞானிகளும் ஒத்துக்கொள்ளவில்லை. ஒரே கோட்டில் எல்லாம் சரியும் என்பதும் எனக்கு அவ்வளவு ஏற்பாக இல்லை. ஆனால் வாசல் எங்கே இருக்கிறது என்று இருட்டில் தடவிப் பார்க்கத் தேவையில்லை என்று அவர் சொன்னது நியாயம்தான். நிறுத்த முடியாததும் இல்லை: பிரேசில் அமேசானில் 2004-ல் ஒரே வருஷத்தில் 27,000 சதுர கிலோமீட்டருக்கு மேல் அழிந்தது, 2012-ல் அது 5,000-க்கும் கீழே வந்தது. 2021-ல் மறுபடி 13,000. ஆட்சி மாற மாற ஏறி இறங்குகிறது.

மறுபடி சதுரங்களுக்கு வருகிறேன். எந்தச் சோதனைக்கும் ஒப்பிட்டுப் பார்க்க ஒன்று வேண்டும். இங்கே அது சுற்றியுள்ள தொடாத பெருங்காடு. துண்டுகளில் நடப்பதை எல்லாம் அதோடுதான் ஒப்பிட்டார்கள். தராசில் படிக்கல் மாதிரி. 2020-ல் பிலிப் ஸ்டௌஃபர் குழுவினர் அந்தப் பெருங்காட்டின் பழைய வலைக் கணக்கையும் புதுக் கணக்கையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்கள். கோடரியே படாத அந்தக் காட்டிலும், தரையில் பூச்சி தேடும் பறவைகள் 1980-களில் இருந்ததைவிட அரிதாகிவிட்டன.

அடுத்த வருஷம் விதெக் யிரினெட்ஸும் அதே குழுவும் எடைக் கணக்கை எடுத்தார்கள். வலையில் விழுந்த ஒவ்வொரு பறவையையும் நாற்பது வருஷமாகத் தராசில் போட்டு, இறக்கையை அளந்து எழுதி வைத்திருந்தார்கள் அல்லவா, 77 இனங்கள், 15,000 பறவைகளுக்கு மேல். ஏறக்குறைய எல்லா இனமும் இளைத்திருக்கிறது. பத்து வருஷத்துக்குச் சுமார் 2 சதவீதம். மூன்றில் ஒரு பங்கு இனங்களுக்கு இறக்கை நீண்டிருக்கிறது. அந்த நாற்பது வருஷத்தில் அங்கே கோடை இன்னும் சூடாகவும் வறட்சியாகவும் ஆகியிருக்கிறது. உடம்பு சின்னதாக இருந்தால் சூட்டைத் தாங்குவது சுலபம் என்பது அவர்கள் ஊகம். 1980-களில் 30 கிராம் இருந்த பறவை இப்போது 27.6 கிராம்.

அந்தக் கட்டுரை வந்தது 2021 நவம்பரில். அடுத்த மாதம் லவ்ஜாய் போய்விட்டார். 2023 அக்டோபரில் மனாவுஸ் துறைமுகத்தில் நீக்ரோ ஆறு, 1902-ல் அளக்கத் தொடங்கியதிலிருந்து இல்லாத அளவுக்குத் தாழ்ந்தது. 2024 அக்டோபரில் அதற்கும் கீழே போனது.